‘ரஷ்யன் ஸ்டைல்’ போஸ்டர் வேண்டுமாம். அது உண்மையில் என்ன ஸ்டைல்?

மைப்பெட்டி | செவ்வாய், இரவு 10.42

எல்லோருக்கும் வணக்கம். தொழில் சந்தேகம் ஒன்று. கொஞ்சம் புலம்பலும் சேர்ந்தே வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

நான் கோவையில் தனியாக டிசைன் வேலை செய்கிறேன். புதிதாகக் காப்பிக்கடை திறக்கப்போகிற ஒருவர் சுவருக்கு நான்கு பெரிய போஸ்டர் கேட்டிருக்கிறார். “ரஷ்யன் ஸ்டைல்ல வேணும் பிரதர். சிவப்பு, நட்சத்திரம், தூக்கின முஷ்டி. அந்த முஷ்டிக்குள்ள டம்ளர்.” கூடவே, ஆங்கில ஆர் எழுத்தைத் திருப்பிப் போட வேண்டுமாம். அப்படிப் போட்டால் ரஷ்ய எழுத்து மாதிரித் தெரியும் என்று எங்கோ பார்த்திருக்கிறார்.

ஒரு மணி நேர வேலை. செய்து கொடுத்துவிட்டுக் காசை வாங்கிக்கொண்டு போயிருக்கலாம். சும்மா ஒரு பார்வை பார்ப்போம் என்று தேட உட்கார்ந்தேன், மூன்று நாளாக எழுந்திருக்கவில்லை. ஒரு பக்கம் வெறும் முக்கோணமும் வட்டமும். இன்னொரு பக்கம் கோதுமைக் கட்டை அணைத்துக்கொண்டு சிரிக்கிற சிவந்த கன்னத்துப் பெண்கள். அப்புறம் மலைக்காட்டு நடுவே இறக்கை விரித்து நிற்கிற கான்கிரீட். போலந்துக்காரர்களின் சினிமா போஸ்டரோ, யாரோ காய்ச்சலில் கண்ட கனவு மாதிரி இருக்கிறது. எல்லாவற்றுக்கும் கீழே ஒரே குறிச்சொல்: சோஷலிச அழகியல்.

இதெல்லாம் ஒரே குடும்பமா? எனக்கு அப்படித் தெரியவில்லை. விவரம் தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

பழையபேப்பர் | செவ்வாய், இரவு 11.15

தம்பி, முதலில் அந்த ஆர் எழுத்தை நிறுத்துங்கள். திருப்பிப் போட்ட ஆர் ரஷ்ய மொழியில் ‘யா’. தனியாக நின்றால் ‘நான்’ என்று பொருள். ரஷ்யன் யாராவது அந்தக் கடைக்கு வந்தால் பெயர்ப்பலகையைப் பார்த்துக் குழம்பிப்போவான்.

நான் வேலையிலிருந்து ஓய்வு பெற்றவன். வீட்டில் சோவியத் நாடு இதழ்கள் இரண்டு டிரங்குப் பெட்டி நிறைய இருக்கின்றன. எங்கள் காலத்தில் பாதிப் பேருக்கு அது பள்ளிப் புத்தகத்துக்கு அட்டை. வழவழப்பான தாள், லேசில் கிழியாது. கணக்குப் புத்தகத்தின் மேல் ககாரின் சிரிப்பார், பூகோளத்தின் மேல் டிராக்டர் ஓடும். நியூ செஞ்சுரி புத்தக வண்டி ஊருக்கு வந்தால் கையில் இருக்கும் சில்லறைக்குக் கெட்டி அட்டை போட்ட புத்தகம் கிடைக்கும். எனக்கு சோஷலிசம் என்றால் இன்றைக்கும் அந்தத் தாளின் வாசனைதான், கொள்கை எல்லாம் அப்புறம் வந்தது.

ஒன்று உறுத்துகிறது. நீங்கள் சொல்கிற முக்கோணம், வட்டம் எதையும் அந்த இதழ்களில் பார்த்ததாக எனக்கு நினைவில்லை. ஏன்?

கொடிமலர் | புதன், காலை 6.20

பழையபேப்பர் ஐயா கேட்டதுதான் சரியான முனை. அதைப் பிடித்து இழுத்தால் மீதி வந்துவிடும். நீளமாக எழுதுகிறேன். கல்லூரியில் ஓவிய வரலாறு பாடம் எடுக்கிறவள், சுருக்கமாகப் பேசும் பழக்கம் விட்டுப்போயிற்று.

1915 டிசம்பரில் பெத்ரோகிராதில் (இன்றைய செயின்ட் பீட்டர்ஸ்பர்க்) ஒரு கண்காட்சி. ஓவியர் மாலெவிச், வெறும் கறுப்புக் கட்டம் மட்டுமே உள்ள தன் ‘கறுப்புச் சதுரம்’ ஓவியத்தை, இரண்டு சுவர் சேரும் மூலையில், கூரைக்குக் கொஞ்சம் கீழே மாட்டினார். ரஷ்ய வீடுகளில் அது சாமி மூலை, புனிதர் படங்கள் இருக்கும் இடம். நம் வீட்டுப் பூஜை மாடத்தில் ஒருவன் கறுப்புக் கட்டத்தை மாட்டிவைத்தால் எப்படி இருக்கும்? அப்படி. அந்த மூலைக்குப் பெயர் ‘க்ராஸ்னி ஊகல்’, சிவப்பு மூலை. பழைய ரஷ்யனில் க்ராஸ்னி என்றால் அழகானது. மாஸ்கோ செஞ்சதுக்கத்துக்கு அந்தப் பெயர் 17ஆம் நூற்றாண்டில் வந்தது, கொடிக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. நம் ‘செம்மை’ சிவப்பையும் சீர்மையையும் சேர்த்துச் சொல்கிறதல்லவா, அந்த மாதிரி. புரட்சிக்குப் பிறகு ஆலைகளிலும் விடுதிகளிலும் லெனின் படமும் செய்தித்தாளும் வைத்த அறைக்கும் சிவப்பு மூலை என்றே பெயர் வைத்தார்கள். சாமி போயிற்று, மூலை தங்கிவிட்டது.

அடுத்து, புரட்சியைத் தொடர்ந்த உள்நாட்டுப் போர். காகிதம் இல்லை, அச்சகங்கள் முடங்கிக் கிடக்கின்றன, கடைகளில் சரக்கு இல்லாமல் கண்ணாடி ஜன்னல்கள் காலி. 1919இல் செரெம்னிக் என்ற ஓவியர் செய்திப் படங்களைக் கையால் வரைந்து அந்தக் காலி ஜன்னல்களில் வைக்க ஆரம்பித்தார். ரோஸ்தா என்பது அரசின் தந்திச் செய்தி நிறுவனம், அதனால் இவற்றுக்கு ரோஸ்தா ஜன்னல்கள் என்று பெயர். கவிஞர் மாயகோவ்ஸ்கி சேர்ந்துகொண்டு வரியும் எழுதினார், படமும் போட்டார். பிரதி எடுக்க அச்சு கிடையாது. அட்டையில் ஸ்டென்சில் வெட்டி, வண்ணத்தை ஒற்றி ஒற்றி எடுத்தார்கள். ஸ்டென்சிலில் நுணுக்கமான கோடு நிற்குமா? நிற்காது. அதனால் உருவம் தட்டையானது. நிறம் இரண்டு, மூன்றோடு நின்றது. முதலாளிக்குத் தொப்பை, தொழிலாளிக்குச் சிவப்பு உடம்பு, தீர்ந்தது. இன்றைக்கு நாம் ‘ரஷ்யன் ஸ்டைல்’ என்று கும்பிடுவதில் பாதி, கத்தரிக்கோல் தாங்கும் அளவுதான்.

அதே ஆண்டுகளில் வித்தெப்ஸ்க் ஊரில் எல் லிசிட்ஸ்கி ஒரு சுவரொட்டி செய்தார். வெள்ளை வட்டத்துக்குள் சிவப்பு ஆப்பு குத்தி இறங்குகிறது. அவ்வளவுதான் படம். புரட்சியை எதிர்த்த வெண்படை, அதைக் காத்த செம்படை இரண்டும் தெரிந்துவிட்டது. மைப்பெட்டி பார்த்த முக்கோணம், வட்டம் அதுதான்.

1920இல் மாஸ்கோவில் வ்ஹுதெமாஸ் என்ற கலை, தொழில்நுட்பப் பள்ளி. 1923, 24இல் போபோவா, ஸ்தெபனோவா என்ற இரண்டு பெண் ஓவியர்கள் துணி ஆலைக்குப் போய்ச் சேலை ஓரம் மாதிரியான கட்டங்களைச் சீட்டித் துணியில் போட்டார்கள். வடிவமைப்பாளரும் புகைப்படக்காரருமான ரோத்செங்கோவும் மாயகோவ்ஸ்கியும் அரசுக் கடைகளுக்கு விளம்பரம் செய்தார்கள்: பிஸ்கட், ரப்பர் காலணி, குழந்தை வாயில் வைக்கும் ரப்பர் நிப்பிள்கூட. ஆகவே உங்கள் காப்பிக்கடைக்காரர் கூச்சப்பட வேண்டாம்.

ஐயாவின் கேள்விக்கு விடை: 1930இல் அந்தப் பள்ளி மூடப்பட்டது. 1932 ஏப்ரலில் கம்யூனிஸ்ட் கட்சியின் மத்தியக் குழு ஒரே ஆணையில் சுதந்திரமான கலைக் குழுக்கள் எல்லாவற்றையும் கலைத்தது. 1934இல் சோஷலிச யதார்த்தவாதம் அதிகாரபூர்வக் கொள்கை, அதாவது மைப்பெட்டி பார்த்த அந்தக் கோதுமைக் கட்டும் சிரித்த முகமும். 1936 மார்ச்சில் கட்சிப் பத்திரிகை, குழந்தைப் புத்தக ஓவியர் விளாதிமிர் லெபதேவைக் ‘கிறுக்கல்காரர்’ என்று கட்டுரை போட்டுத் திட்டியது. ஐஸ்கிரீம்காரனையும் சர்க்கஸ்காரனையும் இரண்டு வண்ணத் துண்டில் நிறுத்தத் தெரிந்த மனிதர் அவர். அதன் பிறகு முக்கோணம் பெட்டிக்குள் போய்விட்டது. உங்கள் டிரங்குப் பெட்டிக்கு வந்தது அதற்குப் பிந்தைய ரஷ்யா.

எட்டாம்_நம்பர் | புதன், காலை 9.05

அருமையான பாடம் அம்மா. ஒரு பக்கத்தை மட்டும் மென்மையாகப் புரட்டிவிட்டீர்கள்.

ரோத்செங்கோவைப் பற்றிச் சொல்கிறேன். வெண்கடல் கால்வாய், 227 கிலோமீட்டர். 1931இலிருந்து 33க்குள் வெட்டி முடித்தார்கள், கைதிகளை வைத்து. பெரும்பாலும் மண்வெட்டி, கடப்பாரை, மரத் தள்ளுவண்டி. முகாம் நிர்வாகத்தின் கணக்குப்படியே 12,000 பேருக்கு மேல் செத்தார்கள். ரோத்செங்கோ அங்கே போய்ப் படம் எடுத்தார். அரசின் ஆடம்பரப் பட இதழ் 1933 டிசம்பரில் அந்தப் படங்களால் ஒரு முழு இதழே போட்டது. அதில் ஒரு படம்: பள்ளத்துக்குள் கைதிகள் வேலை செய்கிறார்கள், மேலே பேண்டு வாத்தியம் ஊதுகிறார்கள். கோணம் பிரமாதம். சாய்ந்த கோடு, தாள லயம், எல்லாம் இருக்கிறது.

அதே மனிதர் உஸ்பெகிஸ்தானின் பத்தாண்டு நிறைவுக்கு 1934இல் ஒரு படத் தொகுப்பு வடிவமைத்தார். மூன்று, நான்கு வருடத்தில் அதில் இருந்த தலைவர்கள் ‘மக்கள் விரோதி’ ஆனார்கள். அந்த முகங்கள் இருக்கும் புத்தகத்தை வீட்டில் வைத்திருந்தாலே ஆபத்து. என்ன செய்தார்? தன் சொந்தப் பிரதியில், தான் வடிவமைத்த பக்கத்தில், ஒவ்வொரு முகமாகக் கறுப்பு மை பூசி அடைத்தார். அந்தப் பிரதி இன்றும் இருக்கிறது.

குஸ்தாவ் க்ளூட்சிஸ் என்று ஒருவர். புகைப்படங்களை வெட்டி ஒட்டி, ஸ்டாலினின் ஐந்தாண்டுத் திட்டத்துக்கு அவரைப் போல் போஸ்டர் போட்டவர் இல்லை. உயர்த்திய ஆயிரம் உள்ளங்கை சேர்ந்து ஒரு பெரிய உள்ளங்கை ஆகுமே, அது அவருடையது. லாத்வியாக்காரர் என்பதால் 1938 பிப்ரவரியில் சுட்டுக் கொன்றார்கள்.

காப்பிக்கடை முஷ்டிக்குள் டம்ளர் வைக்கும் முன் இதையும் யோசியுங்கள். ஹிட்லர் காலத்து ஜெர்மன் போஸ்டரை யாராவது கடையில் மாட்டுவார்களா?

பழையபேப்பர் | புதன், காலை 9.40

ஆரம்பித்துவிட்டீர்களா. டிராக்டர் படம் போட்ட அட்டைக்கும் ஹிட்லருக்கும் முடிச்சுப் போட உங்களால்தான் முடியும். ஐரோப்பாவை ஹிட்லரிடமிருந்து மீட்க இரண்டரைக் கோடிக்கு மேல் உயிர் கொடுத்த நாடு அது.

எட்டாம்_நம்பர் | புதன், காலை 9.52

உயிர் கொடுத்தது மக்கள். நான் பேசியது போஸ்டர் போடச் சொன்னவனைப் பற்றி.

நெறியாளர் | புதன், காலை 10.10

இரண்டு பேரும் டீ குடித்துவிட்டு வாருங்கள். தலைப்பு டிசைன். ஸ்டாலின் சரியா தவறா என்பதற்கு இந்தத் தளத்திலேயே ஏழு இழைகள் இருக்கின்றன, ஏழும் பூட்டப்பட்டவை.

பனிப்புகார் | புதன், மாலை 5.30

நான் யாழ்ப்பாணம். 1983 கடைசியில் மாஸ்கோவுக்குப் படிக்கப் போனேன், லுமும்பா பல்கலைக்கழகம். ஆறு வருடம். கலை பற்றி எனக்கு ஒன்றும் தெரியாது, பார்த்ததைச் சொல்கிறேன்.

போன முதல் கிழமை மெட்ரோவில் ஏறினேன். ஐந்து கோபெக் நாணயம். புரட்சிச் சதுக்கம் என்ற நிலையத்தில் இறங்கினால், வளைவுக்கு வளைவு ஆளை விடப் பெரிய வெண்கலச் சிலைகள், மொத்தம் 76. படைவீரன், கோழி வளர்க்கிற பெண், பந்து விளையாட்டுக்காரன், எல்லைக் காவலனும் அவனுடைய நாயும். பரீட்சைக்கு முன் அந்த நாயின் மூக்கைத் தடவினால் பாஸ் என்று மூத்த பெடியள் சொல்லித் தந்தார்கள். மூக்கு மட்டும் தங்கம் போல மினுங்கும், மீதி உடம்பு கறுப்பு. நானும் தடவினேன். உடற்கூற்றியலில் பாஸ், ரஷ்ய மொழியில் இரண்டாம் முறைதான்.

வளைவு பதிவாக (தாழ்வாக) இருப்பதால் சிலைகள் பெரும்பாலும் குனிந்தோ, இருந்தோ (உங்கள் பேச்சில் உட்கார்ந்தோ), மண்டியிட்டோதான் இருக்கும். அதை வைத்து மாஸ்கோக்காரருக்கு ஒரு பகிடி உண்டு: “சோவியத் மக்களை அப்படியே காட்டியிருக்கிறார்கள். ஒன்றில் இருக்கிறார்கள், அல்லது மண்டியிடுகிறார்கள்.” ரஷ்யனில் ‘இருக்கிறான்’ என்றால் சிறையில் இருக்கிறான் என்றும் பொருள். இதைச் சொன்ன கிழவி, சொல்லி முடித்ததும் கையுறையால் நாயின் மூக்கை ஒரு தரம் துடைத்துவிட்டுப் போனாள். எட்டாம் நம்பர் தம்பிக்கும் பழையபேப்பர் ஐயாவுக்கும் இடையில் எனக்கு அந்தக் கிழவிதான் நினைவுக்கு வருகிறாள்.

எனக்கு அழகாகத் தெரிந்தது போஸ்டர் இல்லை, அதைக் கனபேர் நிமிர்ந்தும் பார்க்க மாட்டார்கள். தெருவில் சோடாத் தண்ணீர் இயந்திரம் நிற்கும். வெறும் சோடா ஒரு கோபெக், இனிப்புப் பாணி கலந்தது மூன்று. பட்டை பட்டையாகச் செதுக்கின தடித்த கண்ணாடிக் குவளை ஒன்று அதிலேயே இருக்கும். கவிழ்த்து அமுக்கினால் தண்ணீர் பீய்ச்சிக் கழுவும், அடுத்த ஆள் குடிக்கலாம். கோடை முழுக்க ஊரே ஒரு குவளையில் குடித்தது. அதே குவளை கன்டீனிலும் இருக்கும், விடுதியிலும் இருக்கும். ரயிலில் வேலைப்பாடு செய்த உலோகப் பிடிக்குள் மெல்லிய கிளாசில் தேநீர் வரும். அந்தப் பிடியில் ஸ்புட்னிக்கும் கிரெம்ளினும் பொறித்திருக்கும். நான் ஒன்று கொண்டுவந்தேன். கொண்டுவந்தேன் என்றால், ரயில்வேக்குச் சொல்லாமல்.

கல்தச்சன் | புதன், இரவு 8.15

கட்டடக்காரன் பார்வை ஒன்று. மைப்பெட்டி கேட்ட ‘இறக்கை விரித்த கான்கிரீட்’ ரஷ்யாவே இல்லை. யுகோஸ்லாவியா.

அந்த நாட்டின் தலைவர் டிட்டோ 1948இல் ஸ்டாலினோடு முறித்துக்கொண்டார். அதோடு மாஸ்கோ பாணிக் கோதுமைக் கட்டும் அங்கே மெல்ல விலகியது. இரண்டாம் உலகப் போரில் அந்த நாட்டில் செர்பியர், குரோவாசியர், யூதர், ரோமா, எல்லோரும் செத்தார்கள், பல இடங்களில் ஒருவர் கையால் ஒருவர். வீரன் சிலை வைத்தால் எந்த முகத்தை வைப்பது? சிலுவை வைத்தால் யாருடைய சிலுவை? முகமே இல்லாத வடிவம் அங்கே ரசனை மட்டும் இல்லை, அவசியம். யாசெனோவாட்ஸ் வதைமுகாம் இருந்த வெளியில் போக்தன் போக்தனோவிச் 1966இல் கான்கிரீட்டில் ஒரு பூ வைத்தார், 24 மீட்டர் உயரம். 1971இல் த்யென்திஷ்டேயில் மியோத்ராக் ஷிவ்கோவிச்சின் இரண்டு பிளந்த பாறை இறக்கைகள். நடுவே நடந்து போகலாம்.

இணையத்தில் இவற்றைத் தலைவர் கட்டளையிட்டு இறக்கின வேற்றுக்கிரகப் பொருள்கள் போலக் காட்டுகிறார்கள். பின்னணி மூட்டம், ஒரு மனிதர்கூட இல்லாத படம். பலவற்றுக்குப் போட்டி நடந்தது, உள்ளூர் நகரசபைகளும் முன்னாள் போராளிகள் சங்கங்களும் பணம் திரட்டின. பள்ளிப் பிள்ளைகள் சுற்றுலா போனார்கள், புல்லில் உட்கார்ந்து சாப்பிட்டார்கள். 1990களின் போரில் சிலவற்றை வெடி வைத்தே தகர்த்தார்கள். பெத்ரோவா கோராவில் வோயின் பாகிச் 1981இல் முடித்த நினைவகத்தின் துருப்பிடிக்காத எஃகுத் தகடுகளை உள்ளூர்க்காரர்களே உரித்து எடுத்துப் போனார்கள். இப்போது உள்ளே இருக்கும் கான்கிரீட் பல்லிளிக்கிறது, அதைத்தான் புகைப்படக்காரர்கள் ‘சோஷலிச அழகு’ என்று எடுக்கிறார்கள். பாகிச் பார்த்தால் வருத்தப்படுவார். அவர் வைத்தது பளபளப்பை.

ரஷ்யா பக்கம் என் ஆர்வம் வேறு. 1955 நவம்பரில், ஸ்டாலினுக்குப் பின் வந்த க்ருஷ்சேவ் ஆட்சி, கட்டடங்களில் ‘மிகைகளை ஒழிப்பது’ என்று ஆணை போட்டது. தூண், கோபுரம், பூவேலை எல்லாம் நிறுத்தம். லிஃப்ட் இல்லாத ஐந்து மாடி, ஆறு சதுர மீட்டருக்கும் குறைந்த சமையலறை, ஆலையில் வார்த்த பலகைச் சுவர். கோடிக்கணக்கானவர்கள் முதல்முறையாகத் தங்களுக்கென்று ஒரு கதவு உள்ள வீட்டுக்குப் போனார்கள். ஆனால் எல்லாச் சுவரும் மொட்டை. அந்த மொட்டைச் சுவர்தான் மொசைக்குக்கு, அதாவது சிறு வண்ணத் துண்டுகளைப் பதித்து ஆக்கும் படத்துக்கு, இடம் கொடுத்தது.

உஸ்பெகிஸ்தான் தலைநகர் தாஷ்கண்ட் பாருங்கள். 1966 ஏப்ரலில் பூகம்பம், நகரத்தின் பெரும்பகுதி மறுபடி கட்ட வேண்டியதாயிற்று. ஷார்ஸ்கி சகோதரர்கள் என்று மூன்று பேர், வீடு வார்க்கும் ஆலைக்குள்ளேயே போய் உட்கார்ந்து, பலகை வார்க்கும்போதே மொசைக்கையும் சேர்த்து வார்த்தார்கள். கிரேன் தூக்கி நிறுத்தும்போது சுவரோடு படமும் எழும். விண்வெளி வீரர், மாதுளை, உஸ்பெக் பூவேலை, எல்லாம் கலந்து. ஒரே மாதிரிக் கட்டடங்களுக்கு நடுவே பிள்ளைகள் ‘நம்ம வீடு மயில் போட்டது’ என்று அடையாளம் சொல்லலாம். அலங்காரத்தைத் தடை செய்த ஆணைக்குக் கீழேயே இது நடந்தது என்பதுதான் எனக்குப் பிடித்த இடம்.

மைப்பெட்டி | புதன், இரவு 9.00

தலை சுற்றுகிறது, நன்றி. ஒன்று புரிய ஆரம்பித்த மாதிரி இருக்கிறது. கொடிமலர் அம்மா சொன்ன ஸ்டென்சில், கல்தச்சன் சொன்ன மொட்டைச் சுவர். கொள்கை எதுவாக இருந்தாலும் கையில் என்ன இருந்ததோ அதுதான் ஸ்டைலை முடிவு செய்திருக்கிறதோ? போலந்தும் அப்படித்தானா?

கொடிமலர் | புதன், இரவு 10.30

போலந்தில் இல்லாதது வேறு பொருள்: வியாபாரம். படம் விநியோகிப்பது அரசு ஒன்றே. டிக்கெட் விற்க நடிகர் முகத்தைப் பெரிதாகப் போட வேண்டிய கட்டாயம் கிடையாது. ஹென்ரிக் தோமாஷெவ்ஸ்கி போன்ற ஓவியர்கள் அதைச் சாதகமாக்கிக்கொண்டு, படத்தைப் பற்றித் தங்களுக்குத் தோன்றியதை வரைந்தார்கள். 1948இலேயே வியன்னாவில் அவருக்கு ஐந்து முதல் பரிசு. இடிந்த வார்சாவில் கட்டுமான வேலி நீளநீளமாகப் போகும், அதன் மேல் இந்தப் போஸ்டர்கள். தெருவே கண்காட்சி. கியூபாவில் சினிமா போஸ்டருக்குப் பட்டுத்திரை அச்சு. அங்கே 1966இல் தொடங்கிய மூன்று கண்ட (ஆசிய, ஆப்பிரிக்க, லத்தீன் அமெரிக்க) ஒற்றுமை அமைப்பின் இதழுக்குள் போஸ்டர் மடித்து வைத்துத் தபாலில் உலகம் முழுக்க அனுப்பினார்கள். அதைப் பிரிக்கும்போது விழும் மடிப்புக் கோடுகூட இன்று சேகரிப்பாளர்களுக்கு அழகு.

ஆனால் கையிருப்பு மட்டும் போதாது, கையும் வேண்டும். எனக்கு மிகவும் பிடித்தது பாலெக் கிராமம். தலைமுறை தலைமுறையாகப் புனிதர் படம் எழுதிப் பிழைத்த ஊர். புரட்சி வந்ததும் தொழில் செத்தது. சிலர் வயலுக்குப் போனார்கள், சிலர் மரக்கரண்டிக்கு வண்ணம் பூசினார்கள். 1924இல் ஒரு சிறு குழு கூட்டுறவு ஆரம்பித்து, காகிதக்கூழில் செய்த கறுப்பு அரக்குப் பெட்டிகளின் மேல் எழுதத் தொடங்கியது. அதே முட்டை மஞ்சள் கரு வண்ணம், அதே அணில்வால் தூரிகை, அதே தங்க இழை. அன்றைக்குப் புனித ஜார்ஜ் ஏறிய குதிரையில் இன்றைக்குச் செம்படை வீரன். பின்னால் மடிப்பு மடிப்பாகப் போகிற மலை மாறவே இல்லை. டிராக்டருக்கும் தங்க இழை உண்டு.

மெட்ரோவும் அப்படித்தான். 1938இல் திறந்த மாயகோவ்ஸ்கயா நிலையத்தின் கூரையில் ஓவியர் தெய்னேகா வரைந்த மொசைக்குகள், சோவியத் நாட்டின் ஒரு நாள்: விமானம், பாராசூட், பழுத்த ஆப்பிள். நிமிர்ந்து பார்த்தால் வானம் பார்க்கிற மாதிரியே கோணம். வரைந்தது அவர், கல் பதித்தது லெனின்கிராதில் விளாதிமிர் ஃப்ரோலோவின் பட்டறை. புரட்சிக்கு முன், ஜார் மன்னர் இரண்டாம் அலெக்சாண்டர் கொல்லப்பட்ட இடத்தில் எழுந்த தேவாலயத்தின் சுவர் முழுக்க மொசைக் பதித்ததும் அவர்களுடைய பட்டறைதான். போர் வந்தது, நகரம் முற்றுகைக்குள். ஃப்ரோலோவ் வெளியேறவில்லை. இன்னொரு நிலையத்துக்கான மொசைக்குகளை விளக்கு வெளிச்சத்தில் முடித்து, லதோகா ஏரி வழியாக அனுப்பினார். 1942 பிப்ரவரியில் பசியில் இறந்தார். அந்த மொசைக்குகள் நோவோகுஸ்நெத்ஸ்கயா நிலையத்தின் கூரையில் இன்றும் இருக்கின்றன. அதில் ஒன்றில் பெண்கள் பழம் பறிக்கிறார்கள்.

எட்டாம்_நம்பர் | வியாழன், காலை 7.45

கடைசிப் பத்தி என்னையும் அசைத்தது, மறுக்கவில்லை. ஆனால் ‘இல்லாமையிலிருந்து வந்த அழகு’ என்று அழகாகச் சொல்லி முடித்துவிடாதீர்கள். காகிதம் இல்லாமல் போனது போரினால். வடிவம் இல்லாமல் போனது 1932 ஆணையினால். முகங்கள் இல்லாமல் போனது மையினால். இந்த மூன்று இல்லாமையும் ஒன்றா? பாலெக் பெட்டியை ரசிக்கலாம். அந்த ஊரில் வேலை போனது தானாகப் போகவில்லை என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும்.

இன்னொரு பெயர் சொல்கிறேன். ஆல்லா ஹோர்ஸ்கா, உக்ரைன்காரர். ஸ்டாலின் காலத்துப் புதைகுழிகளைப் பற்றிக் கேள்வி கேட்டவர். அரசு வேலையாகவே மரியுபோலிலும் தோனெத்ஸ்கிலும் பெரிய மொசைக்குகள் செய்தார். மரியுபோலில் 1967இல் செய்தது ஒரு பறவை, ஒரு மரம். 1970இல் கொலை செய்யப்பட்டார். அந்த மரியுபோல் மொசைக்குகள் 2022 குண்டுவீச்சில் சிதைந்தன. இதை எந்தப் பெட்டியில் போடுவீர்கள்? சோஷலிச அழகியலா, அதற்கு எதிரானதா?

கொடிமலர் | வியாழன், காலை 8.10

இரண்டும்தான். உங்கள் திருத்தத்தை ஏற்கிறேன். மூன்று இல்லாமையும் ஒன்றில்லை. பாலெக் பற்றி எழுதியபோது ‘தொழில் செத்தது’ என்றேன், ‘சாகடித்தார்கள்’ என்று எழுதியிருக்க வேண்டும்.

பனிப்புகார் | வியாழன், காலை 11.20

திரும்புகிற காலத்தில் நோவோதெவிச்சி கல்லறைக்குப் போனேன். க்ருஷ்சேவின் கல்லறை அங்கேதான். 1962 டிசம்பரில் மாஸ்கோவின் மனேஷ் மண்டபத்துக் கண்காட்சியில் க்ருஷ்சேவ் நவீன ஓவியர்களை வாய்க்கு வந்தபடி திட்டினார் அல்லவா, அதில் வாங்கிக் கட்டிக்கொண்டு, திருப்பியும் பேசியவர் சிற்பி எர்ன்ஸ்ட் நெயிஸ்வெஸ்னி. க்ருஷ்சேவ் செத்த பிறகு குடும்பத்தார் கல்லறைக்கு அவரையேதான் கேட்டார்கள். கறுப்புக் கல்லும் வெள்ளைக் கல்லும் ஒன்றுக்குள் ஒன்று கடித்துக்கொண்டு நிற்கும், நடுவே அந்த உருண்டைத் தலை. நான் நின்ற நேரம் இரண்டு பெண்கள் எந்தப் பக்கம் நல்லது, எந்தப் பக்கம் கெட்டது என்று வாக்குவாதப்பட்டுக்கொண்டு நின்றார்கள்.

பழையபேப்பர் | வியாழன், மதியம் 1.00

எட்டாம் நம்பர், அந்த உஸ்பெகிஸ்தான் படத்தை நேற்று இரவு தேடிப் பார்த்தேன். மை பூசின முகங்கள். தூக்கம் வரவில்லை. டிரங்குப் பெட்டியைத் திறந்து இதழ்களைப் புரட்டினேன், எதில் யார் இல்லை என்று எனக்கு எப்படித் தெரியும்? அட்டைகள் மட்டும் இன்னும் அழகாகத்தான் இருக்கின்றன, என்ன செய்ய.

மைப்பெட்டி | ஞாயிறு, இரவு 9.30

நடந்ததைச் சொல்லிவிடுகிறேன். கிளையன்ட் முன் மூன்று மாதிரி வைத்தேன். முஷ்டி இல்லை, நட்சத்திரம் இல்லை, ஆர் நேராகவே இருக்கிறது. சிவப்பு, கறுப்பு, தாளின் வெள்ளை மட்டும். ஒரு கை மேலே டம்ளரோடு, ஒரு கை கீழே டபராவோடு, நடுவே காப்பி ஆற்றும் அந்த நீளக் கோடு மூலையிலிருந்து மூலைக்கு இறங்குகிறது. லிசிட்ஸ்கியின் ஆப்பை அப்படியே எடுக்கவில்லை, ஆனால் அதைப் பார்க்காமல் இந்தக் கோடு எனக்கு வந்திருக்காது. கணினியில் செய்து பார்த்தேன், ஓரம் ரொம்பச் சுத்தமாக வந்தது, உயிர் இல்லை. அப்புறம் பழைய எக்ஸ்ரே ஃபிலிமில் ஸ்டென்சில் வெட்டி, ஸ்பாஞ்சில் ஒற்றி எடுத்தேன். நாலு நாள் ஆயிற்று. கட்டைவிரலில் பிளேடு வெட்டு.

அவர் ரொம்ப நேரம் பார்த்தார். “இது ரஷ்யன் மாதிரி இல்லையே பிரதர்” என்றார். பிறகு, “ஆனா நல்லாருக்கு” என்றார். பிறகு, “சிவப்பு வேணாம், எலெக்‌ஷன் வருது, பச்சை பண்ணிடலாமா?”

பேச்சுவார்த்தை நடக்கிறது.

பனிப்புகார் | ஞாயிறு, இரவு 9.55

எக்ஸ்ரே ஃபிலிமா! தம்பி, அங்கே போருக்குப் பிந்தைய வருடங்களில் அதில் பாட்டே பதிந்தார்கள். தடை செய்த ஜாஸ், வெளிநாட்டுக்குப் போய்விட்ட பாடகர்களின் பாட்டு. ஆஸ்பத்திரியில் கழித்த ஃபிலிமைக் கத்தரிக்கோலால் வட்டமாக வெட்டி, நடுவில் சிகரெட்டால் சுட்டு ஓட்டை போட்டு, இசைத்தட்டு. வெளிச்சத்தில் பிடித்தால் யாருடைய விலா எலும்போ தெரியும். ‘எலும்பு’ என்றுதான் அதற்குப் பெயர். எங்கள் விடுதிக் காவலாளியிடம் ஒன்று இருந்தது, ஊசி வைத்தால் பாதி இரைச்சல், பாதி பாட்டு.

மைப்பெட்டி | ஞாயிறு, இரவு 10.01

அண்ணா, இதற்குத் தனி இழை தொடங்குங்கள். படம் இருந்தால் போடுங்கள். நான் இங்கே பச்சையைத் தடுக்க வேண்டியிருக்கிறது.